செவில் நகரின் சிற்றுண்டித் தெருக்கள்

ஒரு நாட்டின் வரலாற்றைக் கோட்டைகளிலும் கல்வெட்டுகளிலும் அரசர்தம் ஆணை ஓலைகளிலும் தேடுவது அறிஞர் மரபு. ஆயினும் மக்கள் நாள்தோறும் உண்ணும் உணவிலும், அவ்வுணவுக்கு அவர்கள் இட்டு வழங்கும் பெயரிலும் வரலாறு தங்கியிருக்கின்றது. அரசுகள் மாறும், சமயங்கள் மாறும், வென்றவர் தோற்றவரை நாட்டை விட்டே துரத்துவதும் உண்டு. எனினும் துரத்தப்பட்டவரின் சமையல் அடுப்பை விட்டு அகலுவதில்லை. இவ்வுண்மைக்கு ஸ்பெயின் நாட்டின் தென்பகுதியாகிய அந்தலூசியாவின் தலைநகரம் செவில் ஒரு சிறந்த எடுத்துக்காட்டாகும்.

மாலை உலா

குவாதல்கிவீர் ஆற்றங்கரையில் அமைந்த இந்நகரில் 'தாப்பாஸ்' எனப்படும் சிற்றுண்டி வகைகளை உண்டவாறு தெருத்தெருவாக நடந்து செல்வது உள்ளூரார் வழக்கம். ஓரிடத்தில் அமர்ந்து வயிறார உண்ணுதல் இதன் நோக்கமன்று. ஒரு மதுச்சாலையில் நுழைந்து, மேடையருகே நின்றபடியே ஒரு சிறு தட்டு உணவும் ஒரு சிறு கிண்ணம் திராட்சை மதுவும் கொள்வர், நண்பர்களோடு உரையாடுவர், பின்னர் அடுத்த கடைக்குச் செல்வர். ஒவ்வொரு கடைக்கும் ஒரு சிறப்பு உணவு உண்டு. ஓரிடத்தில் உப்பிட்டு உலர்த்திய பன்றித்தொடை, மற்றோரிடத்தில் பசலைக்கீரையும் கொண்டைக்கடலையும் சேர்ந்த கூட்டு, வேறோரிடத்தில் எண்ணெயில் பொரித்த மீன் என்று உலா தொடரும்.

இவ்வழக்கம் இன்று வெளிநாட்டுப் பயணிகளுக்கென ஒழுங்கு செய்யப்பட்ட உலாவாகவும் வளர்ந்துள்ளது. மாலை வேளையில் ஒரு சதுக்கத்தில் சிறு குழுவாகப் பயணிகள் கூடுவர். வழிகாட்டி ஒருவர் அவர்களை மூன்று நான்கு கடைகளுக்கு அழைத்துச் சென்று, உண்ண வேண்டியவற்றையும் அருந்த வேண்டியவற்றையும் விளக்கிக் கூறுவார். மது அருந்தாதவர் பழச்சாறோ நீரோ பெற்றுக்கொள்ளலாம். ஏறத்தாழ மூன்று மணி நேரத்தில் உலா முடிந்துவிடும். ஆனால், அம்மூன்று மணி நேரத்தில் பயணிகள் கடந்து செல்லும் வரலாறோ ஈராயிரம் ஆண்டுகளுக்கு மேற்பட்டது. அவ்வரலாற்றில் எவ்வளவு அவர்கள் செவிக்கு எட்டுகின்றது என்பதே ஆராயத்தக்கது.

பெயரும் கதைகளும்

'தாப்பா' என்னும் ஸ்பானியச் சொல்லுக்கு 'மூடி' என்பது பொருள். மூடி எவ்வாறு உணவாயிற்று என்பதை விளக்கப் பல கதைகள் வழங்குகின்றன. 1252 முதல் 1284 வரை ஆண்ட பத்தாம் அல்போன்சோ மன்னர் நோயுற்றிருந்தபோது, மருத்துவர் அறிவுரைப்படி மதுவுடன் சிறிதளவு உணவு கொண்டு நலம் பெற்றாராம். அதனால் உணவின்றி மது விற்கலாகாது என ஆணையிட்டாராம். மற்றொரு கதை பதின்மூன்றாம் அல்போன்சோ மன்னரைப் பற்றியது. அவர் காடிஸ் நகரருகே கடற்கரை விடுதியொன்றில் தங்கியபோது காற்றில் மணல் பறந்து வந்ததாம். பணியாள் கிண்ணத்தின்மீது ஓர் இறைச்சித் துண்டை மூடியாக வைத்தானாம். மன்னர் அதனைச் சுவைத்து மகிழ்ந்து, மூடியோடு இன்னொரு கிண்ணம் கேட்டாராம்.

வழிகாட்டிகள் இக்கதைகளைச் சுவைபடக் கூறுவர். பயணிகளும் நகைத்து மகிழ்வர். ஆனால் இவற்றிற்கு அக்கால ஆவணச் சான்று காட்டுவார் இலர். 'தாப்பா' என்னும் சொல் சிற்றுண்டி என்ற பொருளில் அச்சு நூல்களில் பரவலாக இடம்பெறுவது இருபதாம் நூற்றாண்டிலேதான். கிண்ணத்தில் ஈயும் தூசியும் விழாதிருக்க ரொட்டித் துண்டையோ இறைச்சித் துண்டையோ சிறு தட்டையோ வைத்து மூடிய எளிய வழக்கமே பெயருக்குக் காரணம் எனக் கொள்வது பொருத்தமாகும். கதை வேறு, வரலாறு வேறு என்னும் வேறுபாட்டை மாணவர் உணர்வதற்கு இஃது ஒரு நல்ல பாடம். புகழ்பெற்ற வழக்கம் எதற்கும் ஓர் அரசனைத் தந்தையாக்கிப் பார்ப்பது மக்கள் மனத்தின் இயல்பு. பெயர் அறியப்படாத கடைக்காரர்களும் கூலியாட்களும் உருவாக்கிய வழக்கம் அரசன் பெயரால் நிலைபெற்றுவிடுகின்றது.

ஸ்பானியர் மிகவும் காலம் தாழ்த்தி உண்பவர் என்றும், மாலைச் சிற்றுண்டி அதனாலேயே தேவைப்படுகின்றது என்றும் கூறுவர். இதில் ஒரு பகுதி உண்மை உண்டு. ஆனால் அதற்கு மக்களின் குணம் மட்டும் காரணமன்று. 1940-ஆம் ஆண்டில் பிராங்கோவின் அரசு நாட்டின் கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னே தள்ளி, செருமனியின் நேரத்தோடு இணைத்தது. பின்னர் அது பழைய நிலைக்கு மாற்றப்படவில்லை. எனவே கதிரவன் நிலையை நோக்க, அந்நாட்டின் இரவு ஒன்பது மணி உண்மையில் அத்துணைப் பின்னிரவன்று.

எண்ணெயும் சாடியும்

உரோமப் பேரரசின் காலத்தில் இந்நிலப்பகுதி 'பெத்திகா' என்னும் மாநிலமாக விளங்கியது. செவில் நகருக்கு அண்மையில் உள்ள இத்தாலிக்கா என்னும் ஊர்தான் திராயன் என்னும் பேரரசன் பிறந்த இடம். இப்பகுதியின் ஒலிவ எண்ணெய் பெரும் சாடிகளில் அடைக்கப்பட்டு உரோம் நகருக்குச் சென்றது. வெறுமையான சாடிகளை உடைத்துக் குவித்தமையால் அந்நகரில் ஒரு குன்றே எழுந்தது. மொந்தே தெஸ்தாச்சியோ எனப்படும் அக்குன்று இன்றும் உண்டு.

எண்ணெயோடு, உப்பிட்டுப் புளிக்க வைத்த மீன்சாறும் ஸ்பெயினின் ஏற்றுமதிப் பொருளாயிருந்தது. புதுச்சேரியை அடுத்த அரிக்கமேட்டு அகழாய்வில் கிடைத்த சாடித்துண்டுகளை ஆராய்ந்த அறிஞர், அவற்றுள் ஸ்பெயினிலிருந்து வந்த மீன்சாறுச் சாடிகளும் உள்ளன எனக் கண்டனர். யவனர் கொண்டுவந்த மதுவைப் புறநானூற்றின் 56-ஆம் பாடல் குறிப்பிடுவது தமிழாசிரியர் அறிந்ததே. ஆகவே அந்தலூசியச் சுவை தமிழகக் கடற்கரையை எட்டியது அண்மைக்கால நிகழ்ச்சியன்று.

கி.பி. 711-இல் இசுலாமியப் படை ஸ்பெயினுள் நுழைந்தது. செவில் நகர் ஐந்து நூற்றாண்டுகளுக்கு மேல் இசுலாமியர் ஆட்சியில் இருந்து, 1248-இல் மூன்றாம் பெர்னாந்தோ மன்னரின் கைக்கு வந்தது. அவ்வைந்து நூற்றாண்டுகளின் தடத்தை உணவுப் பெயர்களில் தெளிவாகக் காணலாம். நகரை ஊடறுக்கும் ஆற்றின் பெயரே 'பெரிய ஆறு' எனப் பொருள்படும் அரபுத் தொடரின் திரிபு. ஒலிவ மரத்திற்கு ஸ்பானியர் வழங்கும் 'ஒலிவோ' இலத்தீன் வழிச் சொல்; ஆனால் அதன் கனிக்கு வழங்கும் 'அசெய்த்தூனா'வும், அதன் எண்ணெய்க்கு வழங்கும் 'அசெய்த்தே'யும் அரபுச் சொற்கள். மரத்திற்கு உரோமரின் பெயர் நிற்க, காய்க்கும் எண்ணெய்க்கும் அரேபியரின் பெயர் வந்து அமர்ந்தது. இறைச்சி உருண்டைக்கு வழங்கும் 'அல்போந்திகா', காட்டுக்கொட்டை உருண்டையைக் குறிக்கும் அரபுச் சொல்லினின்றும் வந்தது. பசலைக்கீரை, கத்தரி, சர்க்கரை, குங்குமப்பூ ஆகியவற்றின் ஸ்பானியப் பெயர்களும் அரபு வழி வந்தவையே.

செவில் தெருக்களெங்கும் நிழல் தரும் கசப்பு ஆரஞ்சு மரமும் அரேபியர் கொணர்ந்தது. 'நராஞ்சா' என்னும் ஸ்பானியப் பெயர் அரபு, பாரசீகம், வடமொழி எனப் பின்னோக்கிச் செல்கின்றது. அதற்கும் அப்பால் அதன் வேர் திராவிட மொழியிலே உள்ளது என்பது மொழிநூலார் பலரின் கருத்து. நாரத்தை என்னும் தமிழ்ச் சொல்லை அறிந்த மாணவர் இவ்வுறவை எளிதில் உணர்வர். செவில் கடைகளில் ஆரஞ்சுத் தோலின் மணமூட்டிய இனிப்பு மதுவை அருந்தும் பயணிக்கு, அவன் உச்சரிக்கும் பெயர் எத்தனை கடல் கடந்து வந்தது என்பது தெரியாது.

சாந்தா குரூஸ்

சிற்றுண்டி உலாக்கள் பெரும்பாலும் சாந்தா குரூஸ் என்னும் பகுதியின் வழியே செல்லும். வெள்ளைச் சுவர்களும் பூந்தொட்டிகளும் குறுகிய சந்துகளும் நிறைந்த அழகிய இடம் அது. நடுக்காலத்தில் அஃது யூதர்கள் வாழ்ந்த சேரியாகும். எசிகா என்னும் ஊரின் பேராலயத் துணைத்தலைவரான பெர்ரான் மார்த்தினெஸ் என்பவர் பல்லாண்டுகள் யூதர்களுக்கு எதிராகப் பகையுணர்ச்சியை மூட்டிப் பேசிவந்தார். 1391-ஆம் ஆண்டு சூன் மாதம் கொலைவெறிக் கூட்டம் சேரிக்குள் புகுந்தது. பலர் கொல்லப்பட்டனர், பலர் அச்சத்தால் சமயம் மாறினர். அத்தீ கோர்தோபா, தொலேதோ, வலென்சியா, பார்சலோனா நகரங்களுக்கும் பரவியது. செவில் நகரின் யூதத் தொழுகைக் கூடங்கள் தேவாலயங்களாயின. அவற்றுள் ஒன்றாகிய சாந்தா மரியா லா பிளாங்கா இன்றும் தேவாலயமாக நிற்கின்றது.

சமயம் மாறியவர்க்கும் அமைதி கிட்டவில்லை. அவர்கள் உள்ளத்தால் மாறினரா என ஆராயச் சமய விசாரணை மன்றம் நிறுவப்பட்டது. 1481-ஆம் ஆண்டு பிப்ரவரியில் அம்மன்றத்தின் முதல் பொதுத் தண்டனை நிகழ்ச்சி செவில் நகரில் நடந்தது. அறுவர் உயிரோடு எரிக்கப்பட்டனர். 1492-இல் சமயம் மாற மறுத்த யூதர் அனைவரும் ஸ்பெயினை விட்டு வெளியேற்றப்பட்டனர். 1609 முதல் 1614 வரை, கிறித்தவராக மாறியிருந்த இசுலாமியர் வழித்தோன்றல்கள் ஏறத்தாழ மூன்று இலட்சம் பேர் கப்பலேற்றப்பட்டனர்.

இக்கொடுமையில் உணவுக்கும் பங்கு உண்டு. ஒருவன் பன்றி இறைச்சியை மறுத்தால் அது குற்றத்தின் அடையாளம். சனிக்கிழமையில் அடுப்பு மூட்டாவிடினும் ஐயம். பன்றிக்கொழுப்பை விடுத்து ஒலிவ எண்ணெயில் சமைத்தாலும் அண்டைவீட்டார் முறையிடுவர். அக்காலத்து வரலாறெழுதிய பாதிரியார் ஆந்திரெஸ் பெர்னால்தெஸ், சமயம் மாறிய யூதர்கள் இறைச்சியை எண்ணெயில் சமைப்பதையும், அதனால் எழும் நாற்றத்தையும் வெறுப்போடு குறித்துள்ளார். நான்கைந்து நூற்றாண்டுகள் கழிந்தன. ஒலிவ எண்ணெயே ஸ்பானியச் சமையலின் பெருமையாக உலகெங்கும் போற்றப்படுகின்றது. எந்த மணம் ஒரு குடும்பத்தைக் காட்டிக்கொடுத்ததோ, அந்த மணத்தைத் தேடி இன்று பயணிகள் பணம் கொடுத்து வருகின்றனர்.

ஒரு கடையில் பன்றித்தொடைகள் வரிசையாகத் தொங்க, அதே கடையில் பசலைக்கீரையும் கொண்டைக்கடலையும் சீரகமும் பூண்டும் எண்ணெயும் சேர்ந்த கூட்டு வட்டிலில் இருப்பதைக் காணலாம். முன்னது கிறித்தவன் எனக் காட்டிக்கொள்ள உதவிய உணவு. பின்னது இசுலாமியரும் யூதரும் விட்டுச்சென்ற சமையல் மரபின் எச்சம். இரண்டும் ஒரே மேடையில் இருத்தல் இணக்கத்தின் சான்று என விரைந்து கூறிவிடல் ஆகாது. சமைத்தவர் வெளியேற்றப்பட, சமையல் மட்டும் தங்கியது என்பதே உண்மை.

ஆற்றின் மறுகரையிலுள்ள திரியானா சந்தையும் இதனையே கூறுகின்றது. காய்கறியும் மீனும் விற்கும் அச்சந்தையில் சிற்றுண்டிக் கடைகளும் உண்டு. அச்சந்தையின் அடியில் சான் ஹோர்ஹே கோட்டையின் இடிபாடுகள் கிடக்கின்றன. சமய விசாரணை மன்றம் ஏறத்தாழ மூன்று நூற்றாண்டுகள் அங்குதான் இயங்கியது. சிறைக்கூடங்கள் இருந்த நிலத்தின்மேல் மக்கள் இன்று மீன் வறுவல் உண்கின்றனர்.

புதிய உலகமும் மலாக்காவும்

1503-இல் அமெரிக்க வாணிகத்தை ஆளும் அலுவலகம் செவில் நகரில் நிறுவப்பட்டது. அதன்பின் புதிய உலகின் விளைபொருள்கள் முதலில் இறங்கிய துறையாக இந்நகர் விளங்கியது. தக்காளி, உருளைக்கிழங்கு, மிளகாய் ஆகிய மூன்றையும் நீக்கிவிட்டால் இன்றைய சிற்றுண்டித் தட்டுகளிற் பாதி வெறுமையாகிவிடும். செவில் நகரின் மருத்துவமனை ஒன்றின் கணக்கேடுகள் 1570-களிலேயே உருளைக்கிழங்கு வாங்கியமையைக் காட்டுகின்றன. அந்தலூசிய மக்கள் அதனை இன்றும் 'பாப்பா' என்றே அழைப்பர். அது தென் அமெரிக்கப் பழங்குடியாராகிய கெச்சுவா மக்களின் சொல். தக்காளி வருமுன் இருந்த குளிர்ந்த கூழ், ரொட்டியும் பூண்டும் எண்ணெயும் காடியும் சேர்ந்த வெண்ணிற உணவாயிருந்தது. பாதாம் பருப்பு சேர்த்த அப்பழைய வடிவம் இன்றும் வழக்கில் உள்ளது.

மிளகாயின் பெயர் தமிழாசிரியர் கவனத்திற்கு உரியது. கொலம்பஸ் தேடிச் சென்றது மிளகு. கண்டதோ மிளகைப்போல் காரமான வேறொரு காய். ஸ்பானியர், மிளகைக் குறிக்கும் 'பிமியெந்தா' என்னும் சொல்லைச் சிறிது திரித்துப் 'பிமியெந்தோ' என அதற்குப் பெயரிட்டனர். போர்த்துகீசியர் அக்காயைத் தமிழகத்திற்குக் கொணர்ந்தபோது தமிழர் அதனை மிளகாய் என்றனர். ஒருவரையொருவர் கேளாமலே இரு மொழியினரும் ஒரே நெறியில் பெயர் படைத்தனர்.

1519-ஆம் ஆண்டு ஆகத்து 10-ஆம் நாள் மகெல்லன் தலைமையில் ஐந்து கப்பல்கள் செவில் துறையினின்றும் புறப்பட்டன. மகெல்லன் 1511-இல் போர்த்துகீசியர் மலாக்காவைக் கைப்பற்றியபோது அங்கிருந்தவர். தமிழ் வணிகரும் குஜராத்தி வணிகரும் நிறைந்திருந்த அந்நகரிலிருந்து என்றீக் என அழைக்கப்பட்ட அடிமை ஒருவரை அவர் தம்முடன் கொண்டு சென்றார். 1519 ஆகத்து 24-இல் செவில் நகரில் எழுதிய இறுதி முறியில், தம் இறப்புக்குப்பின் மலாக்காவில் பிறந்த என்றீக் விடுதலை பெற வேண்டும் எனக் குறித்தார். 1521 ஏப்ரல் 27-இல் மாக்தான் தீவில் மகெல்லன் கொல்லப்பட்டார். வாக்களித்த விடுதலையைக் கப்பல் தலைவர்கள் என்றீக்குக்கு வழங்க மறுத்தனர். 1522 செப்டம்பர் 8-இல் 'விக்தோரியா' என்னும் ஒரே கப்பல் பதினெட்டு ஐரோப்பியருடன் கிராம்பு மூட்டைகளைச் சுமந்து செவில் திரும்பியது. அவருள் என்றீக் இல்லை. மலாக்காவில் பிறந்த ஒருவர் நடந்த தெருக்கள் இவை என்பதைச் சிற்றுண்டி உலாவில் கேட்பது அரிது.

காட்சிக்கென அமைந்த பழமை

சாந்தா குரூஸ் பகுதியின் இன்றைய தோற்றம் முற்றிலும் பழையதென எண்ணுதல் தவறு. 1911-இல் ஸ்பெயின் அரசு சுற்றுலாவுக்கென ஓர் ஆணையத்தை ஏற்படுத்தி, பெனிக்னோ தெ லா வேகா-இன்க்லான் என்பவரை அதன் பொறுப்பில் அமர்த்தியது. 1929-இல் நடைபெற்ற ஐபீரிய-அமெரிக்கக் கண்காட்சியை நோக்கி நகர் தன்னை அணிசெய்துகொண்ட ஆண்டுகளில் அப்பகுதியும் சீரமைக்கப்பட்டது. சிதைந்திருந்த வீடுகள் செப்பமிடப்பட்டன, சதுக்கங்கள் அமைக்கப்பட்டன, வண்ண ஓடுகளும் பூந்தொட்டிகளும் இடம்பெற்றன. பயணி காண விரும்பும் அந்தலூசியாவை நகரமே அவனுக்காக அமைத்துக்கொடுத்தது. அவ்வழகில் யூதர் சேரி என்னும் நினைவு மங்கியது.

இக்காலத்தில் மற்றொரு மாற்றம் நிகழ்ந்து வருகின்றது. பயணிகளுக்கு நாள்வாடகைக்கு விடும் இல்லங்கள் பெருகியமையால் பழைய குடியினர் வாடகை கொடுக்க இயலாமல் வெளியேறுகின்றனர். 2024-ஆம் ஆண்டில் ஸ்பெயினின் பல நகரங்களில் மக்கள் இதனை எதிர்த்து ஊர்வலம் சென்றனர். தாப்பாஸ் என்பது அண்டைவீட்டார் மாலையில் கூடிப் பேசும் வழக்கத்தினின்றும் பிறந்தது. அண்டைவீட்டார் இல்லாத தெருவில் தட்டும் கிண்ணமும் இருக்கும். பிறப்பித்த வாழ்க்கை இராது. எனினும் 1670-இல் தோன்றியதாகக் கூறப்படும் 'எல் ரின்கொன்சில்யோ' போன்ற கடைகளில் உள்ளூர் முதியோர் இன்னும் நின்றபடி உண்கின்றனர். பணியாளர் ஒவ்வொருவர் கணக்கையும் மரமேடையின்மீதே சுண்ணக்கட்டியால் எழுதி, பணம் பெற்றதும் துணியால் துடைத்துவிடுகின்றார்.

ஆசிரியர் கடமை

அரசியல் உலகம் இவ்வரலாற்றுக்குக் கணக்குத் தீர்க்க முயன்றதுண்டு. வெளியேற்றப்பட்ட யூதரின் வழித்தோன்றல்கள் குடியுரிமை பெற வழிசெய்யும் சட்டத்தை ஸ்பெயின் 2015-இல் இயற்றியது. விண்ணப்பக் காலம் 2019-இல் முடிவுற்றது. அவ்வாறே வெளியேற்றப்பட்ட இசுலாமியர் வழித்தோன்றல்களுக்கு அத்தகைய சட்டம் எதுவும் இயற்றப்படவில்லை. எனவே கணக்கு முற்றும் தீர்ந்தது எனக் கூறுவதற்கில்லை.

வழிகாட்டியைக் குறைகூறுவதாற் பயனில்லை. மூன்று மணி நேரத்தில் பசியையும் மகிழ்ச்சியையும் நிறைவு செய்வது அவர் தொழில். மன்னன் கதை அங்கே விலைபோகும். எரிக்கப்பட்ட அறுவரின் கதை விலைபோகாது. விடுபட்டதைச் சொல்லும் பொறுப்பு வகுப்பறைக்கு உரியது. வரலாறு கற்பிக்கும் ஆசிரியரும் மொழி கற்பிக்கும் ஆசிரியரும் இங்கே கைகோத்தல் வேண்டும். ஓர் உணவின் பெயரை எடுத்துக்கொண்டு, அச்சொல் எம்மொழிக்குரியது, அதனைக் கொணர்ந்தவர் யாவர், அவர் வழியினர் இன்று எங்குள்ளனர் என்னும் மூன்று வினாக்களை மாணவர் கேட்கப் பழகுவாராயின், பாடநூலில் இடம்பெறாத மக்களும் அவர்கட்குத் தெரிய வருவர். செவில் நகரின் பசலைக்கீரைக் கூட்டைக் குறித்து அவ்வினாக்களைக் கேட்டால், விடை தேடும் மாணவன் 1391-ஆம் ஆண்டுச் சூன் மாதத்திற்கும், 1609-ஆம் ஆண்டின் கப்பல் துறைக்கும் தானே சென்று சேருவான்.